நமசியின் தேத்தண்ணிக் கடைப் படம்

கரவெட்டியில் நமசிவாயத்தின் வீட்டைத் தேடி வருகிறவர்கள் குறைவு. கிராம அலுவலர் வருவார். நுளம்பு பார்க்கிறவர்கள் வந்து தண்ணீர்த் தொட்டிக்குள் எட்டிப் பார்த்துவிட்டுப் போவார்கள். தேர்தல் காலத்தில் கும்பிட்டபடி சிலர் வருவார்கள். ஆகவே ஒரு சனிக்கிழமை பின்னேரம், முதுகில் பையும் கையில் தண்ணீர்ப் போத்தலுமாக ஒரு பொடியன் படலையடியில் நின்று, "நடிகர் நமசியின்ரை வீடு இதுதானே?" என்று கேட்டபோது, நமசிவாயத்தின் மகள் உதயகலாவுக்கு மகிழ்ச்சி வரவில்லை. சந்தேகம்தான் வந்தது.

சந்தேகப்படுவது அவளுடைய தொழிலோடு ஒட்டிக்கொண்ட பழக்கம். உதயகலா பாடசாலைப் பற்சிகிச்சையாளர். ஒவ்வொரு நாளும் இரண்டு தரம் பல் தீட்டுவதாகச் சத்தியம் பண்ணுகிற வாய்களைத் திறந்து, உள்ளே இருக்கும் சொத்தைகளைப் பார்த்தே அவளுக்குப் பாதி வயது போய்விட்டது. வாய் சொல்வது ஒன்று, வாய்க்குள் இருப்பது வேறு என்பது அவளுடைய அனுபவம்.

வந்தவன் பெயர் பிரவீணன். ரொறன்ரோவில் வளர்ந்தவன். அவனுடைய அப்பப்பா கனகசபாபதி, உடுப்பிட்டிக்காரர், ஒரு காலத்தில் யாழ்ப்பாண நகரத்தில் ஸ்ரூடியோ வைத்திருந்தவர். அவர் எடுத்த சின்னச் சின்னப் பேசாப் படங்கள் கனடாவில் ஒரு நிலக்கீழ் அறையில் பெட்டியோடு கிடந்தனவாம். அவற்றைக் கழுவித் துடைத்துக் கணினிக்கு ஏற்றியிருக்கிறானாம். வருகிற சனிக்கிழமை நகரத்து மண்டபம் ஒன்றில் அவற்றைக் காட்டி, இன்னும் உயிரோடு இருக்கும் நகைச்சுவை நடிகருக்குப் பொன்னாடை போர்த்தப் போகிறார்களாம்.

உதயகலா உள்ளே போய்த் தேத்தண்ணி போட்டாள். அது உபசாரம் மட்டும் இல்லை. அவர்களுடைய சனம் வீட்டுக்கு வருகிறவர்களை அளக்கும் கோல் அது. "இப்பதான் குடிச்சிட்டு வந்தனாங்கள்" என்று சொல்கிறவர்களையும், வாங்கிவிட்டு ஆறட்டும் என்று பக்கத்தில் வைத்துவிட்டு அப்படியே எழும்பிப் போகிறவர்களையும் அவள் நிறையக் கண்டிருக்கிறாள். சாதி இப்போது எங்கே இருக்கிறது என்று மேடையில் கேட்கிற கனவான்கள், ஒரு தடவை அந்தத் தேத்தண்ணிக் கோப்பைக்குள் எட்டிப் பார்க்கலாம்.

பிரவீணன் கோப்பையைப் பார்த்துவிட்டு, பால் தனக்கு ஒத்துவராது என்றான்.

அவள் முகம் இறுகியது. திரும்பிப் போய்ப் பால் விடாத பிளேன்ரீ ஊற்றிக் கொண்டுவந்து நீட்டினாள். அவன் அதை மடமடவென்று குடித்து, சீனி காணாது என்று சொல்லி இன்னொரு கோப்பை கேட்டான். சந்தேகம் கொஞ்சம் குறைந்தது. முழுதாகப் போகவில்லை. கனடாவில் பால் ஒத்துவராத தமிழரும் இருக்கிறார்களோ என்று இரவு கைபேசியில் தேடிப் பார்த்துத்தான் அந்தக் குற்றச்சாட்டைக் கைவிட்டாள்.

நமசிவாயத்துக்கோ எழுபத்தெட்டு வயதில் தலைகால் புரியவில்லை. பொடியனைக் கதிரையில் இருத்தி, தன் கதையை முதலிலிருந்து தொடங்கிவிட்டார்.

அவருடைய தகப்பன் பனையேறிக் கள்ளுச் சீவும் தொழிலாளி. பிறப்புப் பதிவுக்குப் போனபோது, "உங்கடை ஆக்களுக்கு ஏன் இவ்வளவு நீளப் பேர்?" என்று கேட்ட பதிவுகாரர் நமசிவாயத்தை நமசி என்று நறுக்கி எழுதினார். சிவனுடைய பெயரில் சிவனையே வெட்டி எறிந்த அந்த மனிதர் நெற்றியில் மூன்று குறியாகத் திருநீறு பூசியிருந்தாராம். வளர்ந்த பிறகு சத்தியக்கடதாசி முடித்துத்தான் முழுப் பெயரையும் மீட்டார்.

இருபது வயதில் ஒருநாள் கள்ளு முட்டியோடு சைக்கிளில் வந்தவர், குறுக்கே ஓடிய ஆட்டுக்கு விலத்திப் பள்ளத்துக்குள் விழுந்தார். உடம்பு முழுக்கச் சேறு. முட்டி மட்டும் தலைக்கு மேலே தூக்கிய கையில், ஒரு சொட்டுச் சிந்தாமல் இருந்தது. அதைக் கண்ட கனகசபாபதி காரை நிற்பாட்டி இறங்கி, இன்னொருக்கா விழச் சொன்னார். அப்போதுதான் அவருடைய மைத்துனர் லண்டனிலிருந்து ஒரு சின்னக் கமரா கொண்டுவந்து கொடுத்திருந்தார். படம் பிடிக்கும், சத்தம் பிடிக்காது. நமசிவாயம் இன்னொருக்கா விழுந்தார். அடுத்த ஆறேழு வருடம் விழுந்துகொண்டே இருந்தார்.

வேலிச் சண்டைக்காரர் இரண்டு பேரிடமும் கூலி வாங்கி, பகலில் ஒருவருக்காகவும் இரவில் மற்றவருக்காகவும் அதே வேலிக் கதியாலை மாற்றி மாற்றி நடுகிற வேலையாளாக வந்தார். மாடு வேட்டியை இழுத்துக்கொண்டு போக, வாழையிலையோடு ஊர்வலத்தில் நடந்தார். வாசிகசாலை ஆண்டு விழாக்களில், பள்ளிக்கூடக் கார்னிவல்களில், கோயில் திருவிழா இரவுகளில் வெள்ளைத் துணி கட்டி அந்தப் படங்களைக் காட்டினார்கள். கனகசபாபதி மைக்கைப் பிடித்துக்கொண்டு, "இந்தா வாறான் நமசி, பாருங்கோ" என்று விளக்கம் சொல்லுவார். சனம் வயிறு நோகச் சிரிக்கும்.

கோயில் வீதிக்குள் நமசி வரலாம், துணியில். நமசிவாயம் வர முடியாது. வீதிக்கு வெளியே ஒரு பனையில் ஏறி, ஓலை வட்டுக்குக் கீழே இருந்துதான் அவர் தன்னைப் பார்த்தார். கடவுளுக்கு அவருடைய நிழல் பரவாயில்லை, ஆள்தான் தீட்டு. இதை ஏற்பாடு செய்தவர்கள் எல்லோரும் படித்தவர்கள். படப்பிடிப்பு நாட்களில் கனகசபாபதி வீட்டில் அவருக்குச் சாப்பாடு உண்டு. கொல்லைப் பக்கத்தில், இலையைத் தானே எடுத்து எறிகிற சாப்பாடு.

எண்பத்துநாலில் கனகசபாபதி குடும்பத்தோடு கனடாவுக்குப் போனார். படங்களும் போயின. நமசிவாயம் மேசன் வேலைக்குப் போனார், இடம்பெயர்ந்தார், திரும்பி வந்தார், மனைவியை இழந்தார். ஒரு காலத்தில் தீவகற்பம் முழுக்கச் சிரித்த முகத்தை ஒருத்தருக்கும் ஞாபகம் இல்லாமல் போயிற்று. உதயகலாவே அந்தப் படங்களைக் கண்டதில்லை. அப்பா சொல்வதில் பாதி புளுகு என்றுதான் நினைத்திருந்தாள்.

இப்போது பிரவீணனின் மடிக்கணினியில் அப்பா ஓடினார். மெலிந்த, கறுத்த, சுருட்டைத் தலை அப்பா. அவளும் சிரித்தாள். கடைசியாக, "இதுதான் அவரின்ரை மாஸ்ரர்பீஸ்" என்று சொல்லிப் பிரவீணன் ஒரு படத்தைப் போட்டான். தேத்தண்ணிக் கடைப் படம். அதைச் சனம் திரும்பத் திரும்பப் போடச் சொல்லிக் கேட்டதாக அப்பப்பா சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தாராம். சனிக்கிழமை விழாவில் அதைத்தான் கடைசியில் காட்டப் போகிறார்களாம். துள்ளலான பின்னணி இசைகூடச் சேர்த்திருந்தான்.

ஒரு சந்தி. ஓலைத் தாழ்வாரம் இறக்கிய கடை. நீளக் காற்சட்டையும் கழுத்தில் ரையும் கண்ணாடியும் போட்டு, கொழும்பு உத்தியோகத்தர் வேஷத்தில் நமசி வருகிறார். கடை வாங்குப் பலகையில் கால்மேல் கால் போட்டு இருக்கிறார். கடைக்காரர் பவ்வியமாகக் கிளாஸில் தேத்தண்ணி கொண்டுவந்து வைக்கிறார். நமசி ஒரு வாய் குடிக்கிறார். பக்கத்தில் இருந்தவர் உற்றுப் பார்க்கிறார். எழும்பிக் கண்ணாடியைப் பிடுங்குகிறார். பிறகு அடி. நாலைந்து பேர். கடைக்காரர் அந்தக் கிளாஸை எடுத்து றோட்டில் அடித்து உடைக்கிறார். நிலத்தில் கிடக்கிற நமசி நேரே எங்களைப் பார்த்துக் கையை நீட்டி ஏதோ சொல்லுகிறார். படம் ஒருமுறை வெள்ளையாக மின்னுகிறது. மறுபடி அடி. இன்னொருமுறை மின்னுகிறது. எழும்பி ஒற்றைச் சப்பாத்தோடு ஓடுகிறார்.

பிரவீணன் சிரித்தான். நமசிவாயமும் சிரித்தார், வழக்கம்போல வாயைக் கையால் பொத்திக்கொண்டு. உதயகலா சிரிக்கவில்லை.

அந்தக் காலத்தில் அவர்களுடைய சனத்துக்குக் கடைக்கு வெளியே, போத்தலில் அல்லது சிரட்டையில்தான் தேத்தண்ணி என்பது அவளுக்குத் தெரியும். வாங்கில் இருந்தவர்களை அடித்த கதைகளும், கிளாஸ் உடைத்த கதைகளும் தெரியும். அதை ஒருத்தன் நகைச்சுவையாக எடுத்ததே அவளுக்குப் பிடிக்கவில்லை. ஆனால் உறுத்தியது அது மட்டும் இல்லை. மற்றப் படங்களில் அடிக்கிறவர்கள் எல்லோரும் கள்ளமாக அடித்தார்கள். கை கன்னத்துக்குக் கிட்டப் போய் நின்றது. அடித்துவிட்டுக் கமராவைப் பார்த்து இளித்தார்கள். இந்தப் படத்தில் ஒருத்தர்கூடக் கமராவைப் பார்க்கவில்லை. இதில் நடிப்பது அப்பா ஒருவர்தானோ?

பொடியன் போனபிறகு கேட்டாள். "அப்பா, கடையிலை அடிச்சவை ஆர்?"

"நடிகர்மார், பிள்ளை."

"வேறை ஒரு படத்திலையும் அந்த முகங்களைக் காணேல்லை."

"ஒரு படத்துக்கு வந்திருப்பினம். நடிப்பெண்டால் உண்மை மாதிரித்தான் இருக்கவேணும். உனக்கு உந்தக் கலையெல்லாம் விளங்காது."

சொல்லிவிட்டு, பொன்னாடை போர்த்தும்போது வேட்டி கட்டுவதா, காற்சட்டை போடுவதா என்று கேட்டார். கதையை மாற்றுகிற வாயை அவள் நாளுக்கு எத்தனை பார்க்கிறாள்!

பிரவீணன் படங்களை எடுத்த திகதி வரிசையில் பிரதி பண்ணிக் கொடுத்துவிட்டுப் போயிருந்தான். ஞாயிற்றுக்கிழமை அப்பா படுத்திருந்த நேரம் உதயகலா அவற்றை ரீவியில் போட்டு, நிறுத்தி நிறுத்திப் பார்த்தாள். வாய் பார்ப்பது அவளுடைய வேலை. வேலிப் படத்தில் அப்பா வாய் விட்டுச் சிரிக்கிறார், மேல்வாயின் முன்பற்கள் இரண்டும் வரிசையாக வெள்ளையாக நிற்கின்றன. மாட்டுப் படத்திலும் நிற்கின்றன. தேத்தண்ணிக் கடையில் கால்மேல் கால் போடும்போதும் நிற்கின்றன. அதற்குப் பிறகு எடுத்த படங்களில் நமசி ஓரிடத்திலும் வாய் திறந்து சிரிக்கவில்லை. தலையைச் சரித்து, கையால் வாயைப் பொத்தி, தோளைக் குலுக்கிச் சிரிக்கிறார்.

அந்தச் சிரிப்புத்தான் நமசியின் அடையாளம். வடமராட்சியில் பொடியள் எல்லோரும் அதைப் போலச் செய்து காட்டித் திரிந்தார்களாம். சீவப் போன இடத்தில் பனையால் விழுந்து பல் போனது என்றுதான் அவளுக்குச் சின்ன வயதிலிருந்து சொல்லியிருந்தார். பனையிலிருந்து விழுந்தவனுக்கு இரண்டு பல்லோடு விடுமா? இதைத் தான் இத்தனை வருடமும் கேட்காமல் விட்டதுதான் அவளுக்கு வியப்பு.

திங்கட்கிழமை பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் பிரவீணனை வரச் சொன்னாள். அவனிலும் அவளுக்குச் சந்தேகம். தெரிந்துகொண்டே வந்திருக்கிறானா? கொள்ளுப்பேரன் காலம்வரை ஊர் நின்று சிரிக்கட்டும் என்று கனகசபாபதிக் கிழவன் எழுதி வைத்துவிட்டுச் செத்தானா? நேரடியாகக் கேட்டால் மழுப்புவான் என்று சுற்றி வளைத்தாள். அந்தப் படம் எங்கிருந்து எடுத்தது என்று கேட்டாள். றோட்டுக்கு மற்றப் பக்கம், காருக்குள் இருந்து, என்றான். காருக்குள் ஏன் என்று அவனுக்குத் தெரியவில்லை. வெயிலாக இருந்திருக்கும் என்றான். இடையிடையே ஏன் வெள்ளையாக மின்னுகிறது என்று கேட்டாள்.

அவனுக்கு முகம் மலர்ந்தது. கமராவைப் பற்றிக் கேட்டால் விடிய விடியச் சொல்லக்கூடியவன். "அது கரண்டும் இல்லை, பற்றரியும் இல்லை, அன்ரி. மணிக்கூடு மாதிரிச் சாவி குடுக்கிற கமரா. அரை நிமிசம் ஓடும், பிறகு வில்லுத் தளர்ந்துபோம். நிப்பாட்டி, திரும்ப முறுக்கி, திரும்ப அமத்தவேணும். தொடங்கேக்கை முதல் படத்திலை வெளிச்சம் கூட விழும். அதுதான் மின்னுறது."

"அப்ப மின்னுற ஒவ்வொரு இடத்திலையும் உம்மடை அப்பப்பா சாவி குடுக்கிறார்."

"ஓம்."

"அடி விழேக்கையும்."

அவன் ஓம் என்று சொல்ல வாயைத் திறந்தான். சொல்லவில்லை. மடிக்கணினியை இழுத்து, அந்த இடத்தை இசையை நிறுத்திவிட்டு மறுபடி போட்டான். நிலத்தில் கிடந்தவர் கையை நீட்டினார். மின்னியது. அவன் முகத்தைக் கூர்ந்து பார்த்துக்கொண்டிருந்த உதயகலாவுக்கு ஒன்று உறுதியாயிற்று. இவனுக்குத் தெரியாது.

நமசிவாயம் அறை வாசலில் நின்றிருந்தார். எவ்வளவு நேரமாக நின்றாரோ. கதிரையில் வந்திருந்து, இனி மறைக்க என்ன இருக்கு என்பதுபோலக் கையை விரித்தார். கடைக்காரருக்கும் ஆட்களுக்கும் முதலே சொல்லி வைத்திருக்கிறது, அவர்கள் உன்னைக் கலைக்கிற மாதிரி நடிப்பார்கள், நீ ஓடினால் போதும் என்றுதான் கனகசபாபதி அவரிடம் சொல்லியிருந்தார். ஐயா சொன்னால் சரி என்று அவர் போய் இருந்தார். முதல் அடி விழுந்தபோதுதான், ஒருத்தரும் ஒருத்தருக்கும் ஒன்றும் சொல்லி வைக்கவில்லை என்பது விளங்கியது.

"கையை நீட்டி என்ன சொன்னனீங்கள்?" என்று கேட்டாள் உதயகலா.

"'ஐயா, இது படமெண்டு சொல்லுங்கோ' எண்டு கத்தினனான். அவர் என்னைப் பாத்தவர். பாத்துக்கொண்டுதான் சாவியை முறுக்கினவர்."

பேசாப் படம். அந்தக் கத்தலை ஒரு பனையளவு உயரத் துணியில் போட்டு ஊர் ஊராகக் காட்டியும் ஒருத்தருக்கும் கேட்கவில்லை.

பிறகும் ஏன் அந்த மனிதனுக்கு நடித்தீர்கள் என்று மகள் கத்தினாள். பொலிசுக்குப் போயிருக்கலாம், கட்சிக்காரரிடம் போயிருக்கலாம், குறைந்தது அவன் முகத்தில் காறித் துப்பியிருக்கலாம். நமசிவாயம் ஆறுதலாகச் சொன்னார்.

"பனையிலை இருந்து பாக்கேக்கை, பிள்ளை, வீதிக்குள்ளை நிண்டவை அடி விழேக்கைதான் சிரிச்சவை. வெளியிலை வேலிக்குப் பின்னாலை எங்கடை சனம் நிக்கும். அவை அடிக்குச் சிரிக்கேல்லை. நான் வாங்கிலை இருந்து முதல் வாய் குடிக்கேக்கை கைதட்டினவை. ஒவ்வொரு ஊரிலையும். அந்தத் தட்டுக்காண்டித்தான் போனனான். பல்லைப் பற்றிச் சொன்னால் அது நிண்டுபோம் எண்டு சொல்லேல்லை."

பிரவீணன் மடிக்கணினியை மூடினான். பிறகு, மன்னிப்புக் கேட்கிற குரலில், ஒரு வழி சொன்னான். அடி விழுகிற துண்டை வெட்டிவிடலாம். வாங்கில் இருந்து தேத்தண்ணி குடிப்பதோடு படத்தை முடிக்கலாம். ஐயாவுக்கும் கௌரவம், பார்க்கிறவர்களுக்கும் சங்கடம் இல்லை.

உதயகலாவின் சந்தேகம் முழுதாகத் திரும்பி வந்தது. இவன் கெட்டவன் இல்லை. கெட்டவர்கள் அல்லாதவர்கள்தான் இந்த மண்ணில் இப்படித் துண்டு துண்டாக வெட்டி, சாதியே இருந்ததில்லை என்று ஆக்கி வைத்திருக்கிறார்கள். கௌரவம் அப்பாவுக்கா, உம்முடைய அப்பப்பாவுக்கா என்று அவள் கேட்பதற்குள் தகப்பன் முந்திக்கொண்டார்.

"ஒண்டும் வெட்டவேண்டாம் தம்பி. முழுக்கப் போடும். அந்த மேளத்தை மட்டும் நிப்பாட்டும். எனக்கு ஒரு மைக் தாரும்."

என்ன சொல்லப் போகிறார் என்று இருவரும் கேட்டார்கள். அவர் சொல்லவில்லை. அந்தக் கிழமை முழுவதும் உதயகலா நித்திரை கொள்ளவில்லை. மேடையையும் மாலையையும் கண்டதும் அப்பா குழைந்து, எல்லோருக்கும் நன்றி சொல்லி, அதையும் நகைச்சுவையாக்கிவிடுவார் என்று பயந்தாள். வாழ்நாள் முழுக்க மற்றவர்களைச் சங்கடப்படுத்தாமல் இருக்கப் பழக்கப்பட்ட மனிதர்.

சனிக்கிழமை மண்டபம் நிறைந்திருந்தது. முன்வரிசையில் வெள்ளை வேட்டியும் சால்வையுமாகப் பெரியவர்கள். அவர்களில் எவருடைய தகப்பன் அந்தக் கடையில் நின்றான் என்று ஒவ்வொரு முகமாகப் பார்த்தாள். பல பேருக்கு வயது பொருந்தியது. பொன்னாடை போர்த்தினார்கள். அப்பா கும்பிட்டார். யாழ்ப்பாணத்துக்கு நகைச்சுவைப் படத்தை அறிமுகப்படுத்திய கனகசபாபதியின் கலைத் தொண்டைப் பற்றி ஒருவர் நீளமாகப் பேசினார். பிறகு விளக்கை அணைத்தார்கள்.

வாங்கில் நமசி கால்மேல் கால் போட்டபோது மண்டபம் சிரித்தது. முதல் வாய் குடித்தபோது பின்வரிசையில் எங்கோ ஒருவர் கைதட்டினார். அடி தொடங்கியது. சிரிப்பு இன்னும் கூடியது. மேடையின் ஓரத்துக் கதிரையில் இருட்டுக்குள் இருந்த நமசிவாயம் அதுவரை ஒரு வார்த்தை பேசவில்லை. உதயகலா நகத்தைக் கடித்தாள். திரையில் அவர் கையை நீட்டினார். வெள்ளையாக மின்னியது.

"இந்த இடத்திலை கமராவுக்குச் சாவி குடுக்கினம்," என்றது ஒலிபெருக்கி. பாடம் சொல்லிக் கொடுக்கிற மாதிரியான, கோபம் இல்லாத குரல். "இவைக்கு இது படமெண்டு தெரியாது. எனக்குப் பல்லு இரண்டும் இப்பதான் போனது."

சிரித்துக்கொண்டிருந்தவர்களில் சிலர் அதையும் பகிடி என்று எடுத்துச் சிரித்தார்கள். மற்றவர்கள் நிறுத்தினார்கள். படம் மறுபடி மின்னியது.

"திரும்பவும் சாவி குடுக்கினம்."

இந்த முறை ஒருத்தரும் சிரிக்கவில்லை. ஒற்றைச் சப்பாத்தோடு நமசி ஓடுகிற காலடிகூடக் கேட்டுவிடும் போன்ற அமைதி. முன்வரிசையில் ஒருவர் எழும்பி, கைபேசியைக் காதில் வைத்தபடி வெளியே போனார். அது அடித்ததாக உதயகலாவுக்குக் கேட்கவில்லை.

திரை வெறுமையாயிற்று. கடைசி என்று வைத்திருந்த படம் முடிந்துவிட்டது. ஆனால் பிரவீணன் விளக்கைப் போடவில்லை. அவனாக இன்னொரு படத்தை ஓடவிட்டான். பருத்தித்துறைக் கடற்கரை, காற்று, விரித்த குடை ஒன்று உருண்டு போக, பின்னால் நமசி. குடை நிற்கிறது, அவர் பாய்கிறார், குடை போய்விடுகிறது. மண்டபத்தில் ஒரு சத்தம் இல்லை. நூற்றுக்கணக்கான பேர் சிரிக்கலாமா கூடாதா என்று தெரியாமல் ஒருவரையொருவர் கடைக்கண்ணால் பார்த்துக்கொண்டிருந்தார்கள். குடை அவருடைய தலையில் அடித்து, அவர் தண்ணீருக்குள் விழுந்தார்.

நமசிவாயம் மைக்கைக் கிட்ட எடுத்தார்.

"இது நடிப்பு," என்றார். "இதுக்குச் சிரிக்கலாம்."